பன்றிக்கு மான் என்று பேர்

கோயம்புத்தூருக்குச் சினிமா புதுசல்ல. சாமிக்கண்ணு வின்சென்ட் 1914-ல் இங்கே வெரைட்டி ஹால் கட்டினார். பிறகு சென்ட்ரல் ஸ்டூடியோ, பட்சிராஜா ஸ்டூடியோ என்று முதல் போட்டவர்கள் வந்தார்கள். ஸ்டூடியோக்கள் மூடிய பிறகும் கொங்குச் சீமையைச் சினிமாக்காரர்கள் விடவில்லை. ‘சின்னக் கவுண்டர்’ (1992), ‘எஜமான்’ (1993), ‘நாட்டாமை’ (1994) என்று வரிசையாகப் பண்ணையக்காரர் பெருமை பாடினார்கள். அந்தத் தோப்புக்குத் தண்ணி கட்டினவன் எங்கே? கட்டுத்தறியில் சாணி அள்ளினவள் எங்கே? கை கட்டி நிற்கும் கூட்டத்தில் தலைகளாக இருந்தார்கள்.

இந்த வரலாற்றை வைத்துத்தான் தமிழ் இயக்கிய ‘சேத்துமான்’ (2022) படத்தை நாம் பார்க்க வேண்டும். பெருமாள்முருகனின் ‘வறுகறி’ சிறுகதைதான் மூலம், வசனமும் அவரே. தயாரிப்பு பா. இரஞ்சித்தின் நீலம். பெரிய நடிகர் கிடையாது, பெரிய முதலும் கிடையாது. கூடை முடையும் கிழவன் பூச்சி, பேரன் குமரேசன், பன்றிக்கறிக்கு நாக்கு ஊறும் பண்ணையக்காரர் வெள்ளையன். இவர்களைச் சுற்றித்தான் கதை.

முதல் சிறுத்ததால் காமிரா கிட்ட வந்து நிற்கிறது. பன்றி பிடிப்பதும் அறுப்பதும் பங்கு போடுவதும் உழைப்பாகவே காட்டப்படுகின்றன. நம்மாளு தின்றால் இழிவு. வெள்ளையன் தின்றால் மருந்து! சேற்றில் புரளும் பன்றிக்கு ‘மான்’ என்று பேர் வைத்துக்கொண்டால் சாதி கெடாதாம். 2017-ல் தலித் ஒருவர் குடியரசுத் தலைவரான சேதி ஒரு பக்கம் ஓடுகிறது. இன்னொரு பக்கம், பங்காளிகள் சண்டையில் உயிரை விடுவது பூச்சிதான்.

குறையையும் சொல்ல வேண்டும். கறி கூடாதென்று எதிர்க்க வெள்ளையன் பெண்டாட்டிக்கு வாய் இருக்கிறது. பூச்சியின் குடிசையில் பேசப் பெண்ணே இல்லை. குமரேசனின் தாயை மாட்டுக்கறியின் பேரால் முன்னமே கொன்றுவிடுகிறார்கள். அமுதனின் ‘பீ’ (2003) மதுரைத் தெருவில் மலம் அள்ளும் பெண்ணின் பின்னாலேயே போனது. திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ (2017) அந்த வேலையில் கிடந்து சாகிறவர்களின் வீட்டுப் பெண்களைப் பேசவிட்டது. ஆவணப்படம் போன தூரம் கதைப்படம் இன்னும் போகவில்லை.

இன்னொன்றும் உண்டு. ‘கக்கூஸ்’ திரையிடலைப் போலீஸ் மறித்தது. படம் யூடியூபில் எல்லோருக்கும் கிடைத்தது. ‘சேத்துமான்’ வெளியானதோ சந்தா கட்டிப் பார்க்கும் சோனி லிவ்வில். யாருடைய சோறு படத்தில் இருக்கிறதோ அவர்களில் எத்தனை பேர் சந்தா கட்ட முடியும்?

அதனால் தோழர்களே, மாணவர்களே, உரிமை வைத்திருப்பவர்களிடம் கேட்டு வாங்கி, நம்ம வளவுக்குள்ள ஒரு வேட்டியைக் கட்டிப் படத்தைப் போடுங்க. முடிஞ்சதும் பொம்பளைங்க பேசட்டும். அவங்க சொல்றதை எழுதிக்குங்க. அடுத்த படம் எடுக்கிறவனுக்கு, எடுக்கப் போறவளுக்கு, அது வேணும்.