கரைய வேண்டியது எது?

நம் சமய இலக்கியங்களிலிருந்து உருகுதல், கரைதல், கலத்தல் என்னும் மூன்று சொற்களையும் நீக்கிவிட்டால் எஞ்சி நிற்பது மிகச் சிறிதே. மாணிக்கவாசகர் தில்லையிற் கலந்தார் என்பர். ஆண்டாள் அரங்கனிற் கலந்தாள் என்பர். ஞானசம்பந்தர் மணக்கோலத்தோடு சோதியுட் புகுந்தார் என்பர். திருவானைக்காவில் இறைவன் நீர் வடிவினன்; தில்லையிலோ அவன் ஆகாய வடிவினன். திரையை விலக்கினால் காண்பது உருவமன்று, வெட்டவெளியே என்று சொல்லுவர். உருவுடையது அழியும், உருவற்றதே நிலைக்கும் என்பது இச்சமயத்தின் சாரம். இதனைக் 'கரைதற் சமயம்' என்று நாம் பெயரிட்டால் பிழையாகாது.

இக்கொள்கையின் அழகை நாம் மறுக்கவில்லை. நாம் வினவுவது ஒன்றே: இதிற் கரைகிறவன் யார்? கரையாமல் நிற்பது எது? இதற்கு விடை காண நந்தனார் சரித்திரத்தினும் ஏற்ற உரைகல் தமிழில் வேறில்லை.

நந்தனார் கதை ஒரே நாளிற் பிறந்ததன்று. சுந்தரர் திருத்தொண்டத் தொகையில் பெயரளவில் நின்ற திருநாளைப்போவாரை, நம்பியாண்டார் நம்பி ஒரு பாட்டாக்கினார். 12-ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் அதனை ஒரு புராணமாக விரித்தார். ஆதனூர்ச் சேரியின் குடிசைகளையும், நாய்க்குட்டிகளையும், கோழிக்குஞ்சுகளையும் அருகிருந்து கண்டவர்போல அவர் வருணிக்கிறார். திருப்புன்கூரில் நந்தி விலகி வழிவிடுகிறது. ஆனால் தில்லைக்குப் போகவொட்டாமல் நந்தனாரைத் தடுப்பவர் எவரும் சேக்கிழார் நூலில் இல்லை. தம் பிறப்பை நினைந்து அவரே தயங்குகிறார். நாளை போவேன் என்று நாட்களைக் கழிக்கிறார். தடை அவர் நெஞ்சினுள்ளே இருப்பதாகப் புராணம் காட்டுகிறது.

1860-களின் தொடக்கத்தில் அச்சேறிய கோபாலகிருஷ்ண பாரதியாரின் 'நந்தனார் சரித்திரக் கீர்த்தனை' இவ்விடத்தில் ஒரு பெரும் மாறுதல் செய்தது. புராணத்தில் இல்லாத வேதியர் ஒருவர் நந்தனாரின் ஆண்டையாக இங்கே தோன்றுகிறார். தடை நெஞ்சை விட்டு நீங்கி, நிலத்தின்மேல் வந்து நிற்கிறது. நந்தனார் விடை கேட்கிறார், ஆண்டை மறுக்கிறார், வேலிக்கணக்கான நிலத்தில் வேளாண்மையை முடித்துவிட்டுப் போ என்கிறார். இப்பாட்டுக்களின் இலக்கண வழுக்களைக் கண்டு மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை சிறப்புப்பாயிரம் தரத் தயங்கினார் என்றும், பாரதியார் பாடக் கேட்ட பின்னரே மனமிசைந்தார் என்றும் கூறுவர். வழு இருக்கலாம், ஆயினும் கூலியாள் ஒருவன் தன் எசமானனிடம் லீவு கேட்டு நிற்கும் காட்சியைத் தமிழிற் பாட்டுக்குரிய பொருளாக்கி நாடெங்கும் பரப்பிய பெருமை அந்நூலுக்கு உண்டு.

நாம் தோட்டத்துக் கணக்கெழுதும் தொழிலினர். தைப்பூசத்துக்கும், திருமணத்துக்கும், சாவுக்கும் லீவு கேட்டு ஆபீசு வாயிலில் நிற்பவரை நாடோறும் காண்கிறோம். தலையைச் சொறிந்துகொண்டு, சொல்ல வந்ததைப் பாதி விழுங்கி, 'நாளைக்கு வருகிறேனுங்க' என்று திரும்பும் அந்த முகம் எந்தக் கற்பனைக்கும் உரியதன்று. ஆகவே, நந்தனார் சரித்திரத்தின் உயிர் தீக்குண்டத்தில் இல்லை, விடை கேட்கும் அவ்விடத்திலேதான் இருக்கிறது என்பது நமது துணிபு.

ஆனால் கதை அங்கே நிற்பதில்லை. பூதகணங்கள் வந்து ஓரிரவில் பயிரை விளைவிக்கின்றன. ஆண்டை நந்தனாரின் காலில் விழுகிறார். நல்லது. ஆண்டையின் மனம் கரைந்த பின்னும் தில்லையின் மதில் கரைந்ததா? இல்லை. தீ வளர்க்கப்படுகிறது; நந்தனார் அதனுட் புகுகிறார். எந்த வடிவில் வெளிவருகிறார் என்பதை ஊன்றி நோக்குக. சேக்கிழார் காட்டுவது உருவற்ற ஒளியையன்று. மார்பில் பூணூலும் தலையிற் சடையும் கொண்ட முனிவரையே காட்டுகிறார். கரைதலே மெய் என்று பேசிய சமயம், ஓர் உருவத்தைக் கரைத்து வேறோர் உருவத்தில் வார்த்துவிட்டது.

கித்தாப் பாலைக் கண்டு வளர்ந்த கெடா வாசகர்களுக்கு இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை. மங்கில் ஒழுகும் பாலுக்கு வடிவமில்லை. ஸ்டோரில் அமிலம் கலந்து ஊற்றியபின் அது எந்தத் தட்டில் உறைந்ததோ அந்தத் தட்டின் வடிவத்தையே பெறுகிறது. தில்லைத் தீயில் உருகிய நந்தனாருக்கும் தட்டு முன்னரே ஆயத்தமாக இருந்தது. அந்தத் தட்டு மட்டும் உருகவேயில்லை.

ஓவிட் என்னும் உரோமக் கவிஞர் பாடிய கதையொன்று ஈண்டு நினைவுக்கு வருகிறது. சையேன் என்னும் நீர்த்தெய்வப் பெண், தன் கண்ணெதிரே நடந்த கன்னிக் கவர்தலைத் தடுக்க முயன்று தோற்று, அழுதழுது தன் சுனை நீரிலேயே கரைந்துவிடுகிறாள். மகளைத் தேடித் தாய் அங்கு வரும்போது நடந்ததைக் கூறச் சையேனுக்கு ஆசை உண்டு. வாயும் நாவும் இல்லை. கரைந்தவருக்குச் சாட்சி சொல்ல இயலாது. நந்தனாரும் கோயிலுட் புகுந்தபின் எவர் கண்ணிலும் படவில்லை; ஒரு சொல்லும் சொல்லவில்லை. உயிரோடு வெளிவந்து, 'என் தம்பியும் நாளை வருவான், அவனுக்கும் தீ வளர்ப்பீரோ?' என்று அவர் கேட்டிருந்தால் புராணம் என்ன விடை கூறியிருக்கும்? பிற்காலத்தில் புதுமைப்பித்தன் 'புதிய நந்தன்' என்னும் சிறுகதை எழுதியபோது தீயை நீக்கிவிட்டு இரயில் வண்டியை வைத்தார். அங்கும் வேற்றுமை கரைவது சாவில்தான். ஆனால் அதனை முத்தி என்று அவர் நம்மை ஏமாற்றவில்லை.

இதற்கு மாறான வழியும் தமிழ்நாட்டில் உண்டு. அதுவும் தில்லைக்கு அணித்தாகவே உண்டு. வடலூர் இராமலிங்க அடிகளும் கரைதலைப் பாடியவரே. 1872-ஆம் ஆண்டு தைப்பூச நாளில் அவர் தொடங்கிய சத்திய ஞான சபையில் ஏழு திரைகளுக்கு அப்பால் உள்ளது ஒளியே. 1874 ஜனவரி 30-இல் அவரும் ஒளியிற் கலந்தார் என்று அன்பர்கள் நம்புகின்றனர். அச்சபையின் உள்ளே புலால் உண்போர் புகலாகாது என்னும் விதி உண்டு. எனினும் அது உணவைப் பற்றியது, பிறப்பைப் பற்றியதன்று. சபைக்கும் முன்னரே, 1867-இல், அவர் தருமச்சாலையை நிறுவி அடுப்பு மூட்டினார். பசித்து வந்தவரை இன்ன சாதி என்று கேளாமல் உண்பிக்கும் அடுப்பு அது, இன்றும் எரிகிறது. தில்லைத் தீ மனிதனைக் கேட்டது; வடலூர்த் தீ அரிசியைக் கேட்டது. இரண்டனுள் எது சமயம் என்பதை வாசகர்களே தீர்மானிக்கட்டும்.

1939 ஜூலை 8-இல் அ. வைத்தியநாத ஐயர் ஒடுக்கப்பட்ட மக்களை அழைத்துக்கொண்டு மதுரை மீனாட்சியம்மன் கோயிலுள் நுழைந்தார். தீக்குண்டம் வளர்க்கப்படவில்லை, எவரும் சோதியாகவில்லை, சென்றவர்கள் வணங்கித் தம் தம் உருவத்தோடே வெளிவந்தார்கள். 1947-இல் சென்னை மாகாணத்தில் ஆலயப் பிரவேசச் சட்டம் பிறந்தது. அதற்கும் முன்னரே, 1916-இல், சுவாமி சகஜானந்தர் சிதம்பரத்தில் நந்தனார் பெயராலேயே ஒரு பள்ளியை நிறுவினார். தீ நந்தனாரின் உருவத்தை அழித்தது. பள்ளியோ நந்தனாரின் பிள்ளைகளுக்கு நாவைக் கொடுத்தது.

நம் கெடாவிலும் சான்று உண்டு. 1946-47-இல் ஏ. எம். சாமி தலைமையில் தொண்டர் படை தோட்டந்தோறும் கள்ளுக்கடைகளை எதிர்த்து எழுந்தது. அத்தோழர்கள் உருகி நிற்கவில்லை, உறுதியாக நின்றார்கள். கள்ளில் கரைந்துகொண்டிருந்த கூலியைக் காக்க அவர்களுக்கு வேண்டியிருந்தது அவ்வுறுதியே.

அன்பர்களே! கரங்கான் முதலிய இடங்களில் நந்தனார் கதையைப் பாடுவோரும் படிப்போரும் இனியும் பாடுக, படிக்க. விடை கேட்கும் பாட்டை இருமுறை பாடுக. தீப்புகும் கட்டம் வந்ததும் பக்கத்திலிருக்கும் சிறுவன், 'அவர் ஏன் நெருப்பில் இறங்க வேண்டும்? கதவைத் திறந்துவிட்டால் என்ன?' என்று கேட்பானாயின், அவனை அடக்காதீர்கள். எண்ணூறு ஆண்டுகளாகப் புலவர் எழுதிய உரைகளினும் அவ்வினா மேலானது. கரைய வேண்டியது கதவும் மதிலும், மனிதன் அல்லன்.