குரலும் கூலியும்: எஸ். ஜி. கிட்டப்பாவின் அழிவு குறித்து

எஸ். ஜி. கிட்டப்பாவின் வாழ்வை (1906–1933) எழுதுவோர் அதனைக் காதற் சோகமாகவோ குடியினால் வந்த கேடாகவோ காட்டுவதே வழக்கம். இருபத்தேழு வயதில் ஒரு மாபெருங் கலைஞன் மாண்டமைக்கு இவை போதிய விளக்கங்களாகா என்பது நமது கருத்து.

செங்கோட்டையிற் பிறந்த கிட்டப்பா சிறுவயதிலேயே நாடகக் கம்பெனி வாழ்வுட் புகுந்தவர். அக்காலப் பாலர் சபைகள் எவ்வாறு இயங்கின என்பதை அவ்வை தி. க. சண்முகத்தின் 'எனது நாடக வாழ்க்கை' (1972) விரிவாகக் காட்டும். ஊணும் உறைவிடமும் பயிற்சியும் தண்டனையும் கம்பெனியின் கையிலேயே இருந்தன. வீட்டை அறியுமுன் மேடையை அறிந்த பிள்ளைக்குக் கைதட்டலே தாய்மடியாகிவிடுதலில் வியப்பில்லை.

பின்னர் வந்த 'ஸ்பெஷல்' நாடக முறை இவ்வேட்கையைச் சந்தைக்குக் கொணர்ந்தது. நடிகர் தனித்தனியே ஓரிரவுக்கெனப் பேசியமர்த்தப்பட்டனர். எதிரே நிற்பவரைப் பாட்டால் வெல்வோருக்கே அடுத்த அழைப்பும் உயர்ந்த கூலியும். ஒலிபெருக்கியில்லாத கொட்டகையில், தரை டிக்கெட்டில் இருப்பவனுக்கும் எட்டும்படி உச்சஸ்தாயியில் விடியும்வரை பாடவேண்டும். 'ஒன்ஸ்மோர்' என்ற கூச்சலுக்கு அதே பாட்டை மறுபடியும் பாடவேண்டும். 1957 வரை பிரித்தானியக் கடற்படைத் தளமாயிருந்த நமது திருகோணமலைத் துறைமுகத்தில் மூட்டை சுமந்தவனின் முதுகு தேய்ந்ததை உழைப்பின் விளைவென்று கூறத் தயங்காத நாம், தொண்டை தேய்ந்ததை மட்டும் 'கலைத்தாகம்' என்று ஏன் புனிதப்படுத்த வேண்டும்?

இலங்கையும் இச்சந்தையின் ஒரு பகுதியே. 1914இல் தனுஷ்கோடி–தலைமன்னார்க் கப்பற்சேவை தொடங்கியபின் தமிழக நாடகக்காரருக்குக் கொழும்பு எளிதாயிற்று. யாழ்ப்பாணத்து இசைநாடக மரபு செழித்ததும் இவ்வருகைகளாலேயே. கிட்டப்பாவும் கே. பி. சுந்தராம்பாளும் 1926இல் இணைந்து நடித்தது கொழும்பில்தான். கிட்டப்பா ஏற்கெனவே கிட்டம்மாளை மணந்திருந்தவர். ஆயினும் 1927இல் சுந்தராம்பாளையும் மணந்தார். இருவர் குரலும் சேர்ந்தால் கொட்டகை நிறையும் என்பது குத்தகைதாரர் அறிந்த கணக்கு. அந்தக் கணக்குக்குள் இல்லறம் நிலைக்கவில்லை. பிணக்கும் பிரிவும் குடியும் நோயும் தொடர்ந்தன. உடல் தளர்ந்த நிலையிலும் மேடையை விடாத அவர் 1933இல் திருவாரூர் மேடையில் மயங்கி வீழ்ந்தார். அவ்வாண்டு டிசம்பர் 2இல் மறைந்தார்.

எனினும் அனைத்தையும் உற்பத்தி முறையின் தலையிற் சுமத்திவிடுவது கொச்சை மார்க்சியமாகும். நம்மவரிற் சிலருக்கு அது எளிதாக வருகிறது. அதே கொட்டகைகளில், அதே உச்சஸ்தாயியில் பாடிய சுந்தராம்பாள் 1980 வரை வாழ்ந்தாரே! கிட்டப்பா சொந்தக் கம்பெனியும் நடத்தியவர். முதலாளியும் கூலியாளும் ஓருடலில் அமைந்தபோது, ஓய்வு கேட்க வேண்டியவனும் மறுக்க வேண்டியவனும் அவரேயாயினர். பாராட்டின்றி வாழவியலா அவரது தனிமனித இயல்பு இவ்விடத்திற்றான் வரலாற்றோடு கைகோக்கின்றது. முறைமை அவ்வியல்பைப் படைத்ததென்பதினும், அதற்கு விலைகொடுத்து வாங்கிற்றென்பதே பொருந்தும்.

கணவன் மறைந்தபின் வெண்ணிற ஆடை பூண்டு மேடையை நீங்கிய சுந்தராம்பாளை, 'பக்த நந்தனா'ரில் (1935) ஆண்வேடம் ஏற்க இலட்ச ரூபா ஊதியத்தில் அழைத்தது சினிமா. அத்துறவுக் கோலமும் சந்தையில் விலைபெற்றது. மேடையேறாத கிட்டம்மாளோ நம் கலை வரலாற்று எழுத்துக்களில் ஒருவரி அடைமொழியாகவே எஞ்சியுள்ளார்.