குண்டின் கண்

1991 ஜனவரி 30ல் ரியாத்தில் அமெரிக்கத் தளபதி நோர்மன் ஸ்வார்ஸ்கொப் பத்திரிகையாளர்களுக்கு ஒரு வீடியோத் துண்டைப் போட்டுக் காட்டினார். ஈராக்கில் ஒரு பாலம். குறிபார்க்கும் கோடுகளுக்கூடாக ஒரு வாகனம் கடந்து போகிறது. அது அப்பால் போனதும் குண்டு விழுகிறது. இன்றைக்கு ஈராக்கிலேயே பெரிய அதிர்ஷ்டசாலி இவர்தான் என்றார் தளபதி. மண்டபம் சிரித்தது.

எப்படிச் சிரிக்க முடிந்தது? வாகனம் வெறும் புள்ளி. ஓட்டியவருக்கு முகம் இல்லை. பார்ப்பவரின் கண் விமானத்தில் இருக்கிறது. குண்டிலேயே கமரா பொருத்தி எடுத்த வேறு படங்களும் காட்டினார்கள். அவற்றில் இலக்கு நெருங்கி நெருங்கி வந்து, வெடிக்கிற கணத்தில் திரை வெறுமையாகிவிடும். கமராவுக்கு ஆயுள் அவ்வளவுதான். அதற்குப் பிறகு நடந்தவைக்குப் படம் இல்லை.

பொய் காட்டினார்கள் என்று சொல்லி இதைக் கடந்துவிட முடியாது. படங்கள் உண்மையானவை. ஆனால் அந்த யுத்தத்தில் போட்ட குண்டுகளில் இப்படி வழிகாட்டப்பட்டவை பத்திலொரு பங்குகூட இல்லை. மிச்சமெல்லாம் பழையபடி விழுந்தவை. அவற்றை எவரும் போட்டுக் காட்டவில்லை.

பெப்ரவரி 13ல் பாக்தாத்தின் அமிரியா பதுங்குமிடத்தில் நானூறுக்கு மேற்பட்ட பொதுமக்கள் இறந்தார்கள். அதுவும் வழிகாட்டப்பட்ட குண்டுதான், குறி தவறவில்லை. கட்டளை மையம் என்றது அமெரிக்கா. இம்முறை கமராக்கள் கீழே நின்றன. ஆனாலும் கருகிய உடல்களின் மிகக் கோரமான காட்சிகளை மேற்கத்தைய நிலையங்கள் வெட்டிவிட்டே ஒளிபரப்பின. பார்ப்பவரின் மனம் நோகக்கூடாதாம்.

ழான் போத்ரியார் அதே ஆண்டில் பாரிஸின் லிபரேசியோன் பத்திரிகையில், வளைகுடா யுத்தம் நடக்கவேயில்லை என்று எழுதினார். கெட்டிக்காரத்தனமான தலைப்பு. திரையில் தெரிந்தது யுத்தமல்ல என்பதைப் பிடித்துவிட்டார், அதை ஒப்புக்கொள்ளவேண்டும். ஆனால் பார்ப்பவர் என்று அவர் எண்ணியது, குண்டு விழாத ஊரில் பிறந்து குண்டு விழாத ஊரில் தொலைக்காட்சி பார்க்கிறவரை. பாரிஸிலும் ரொறன்ரோவிலும் அந்தத் திரைக்கு முன்னால் நாங்களும் இருந்தோம். எங்களுக்கும் அந்தப் படம் விமானியின் ஆசனத்தையே தந்தது. 1990 யூனிலிருந்து யாழ்ப்பாணத்தில் விமானங்கள் குண்டு போட்டுக்கொண்டிருந்தன. சனங்கள் பங்கருக்குள் ஓடினார்கள். அங்கே மின்சாரம் இல்லை, அங்கிருந்து நேரடி ஒளிபரப்பும் இல்லை. யார் இருக்கிறார்கள், யார் இல்லை என்பது கடிதம் வந்தால்தான் தெரியும்.