காதால் வைத்த டைமிங்

பழைய பெட்ரோல் அம்பாசடரின் பானெட்டைத் தூக்கி, எஞ்சினை ஓடவிட்டு, டிஸ்ட்ரிபியூட்டரின் கழுத்தைப் பிடித்திருக்கும் கிளாம்ப் போல்ட்டைக் கொஞ்சம் தளர்த்துகிறார் மெக்கானிக். இரண்டு விரலால் அதன் உடலை மெல்லத் திருப்புகிறார். எஞ்சின் வேகம் ஏறுகிறது. இன்னும் கொஞ்சம் திருப்புகிறார், இன்னும் ஏறுகிறது. சத்தம் கரடுமுரடாக மாறத் தொடங்கும் இடத்தில் நிறுத்தி, ஒரு மயிரிழை பின்னுக்குத் தள்ளி, போல்ட்டை இறுக்குகிறார். கேஜ் இல்லை, விளக்கு இல்லை, புத்தகம் இல்லை. வேலை முடிய ஐந்து நிமிடம்கூட ஆவதில்லை. தமிழ்நாட்டின் சிறு ஊர் ஒர்க்‌ஷாப்புகளில் ஒரு தலைமுறை முழுக்க டைமிங் வைத்தது இப்படித்தான்.

இந்தப் பழக்கத்தை மட்டமாகப் பேசுகிறவர்கள், அது எந்தத் தேவையில் பிறந்தது என்பதையும் பார்க்க வேண்டும். செஞ்சிப் பக்கத்து மேல்சித்தாமூரையே எடுத்துக்கொள்ளலாம். தமிழ்ச் சமணர்களின் ஜினகாஞ்சி மடமும் பார்சுவநாதர் கோயிலும் இருக்கும் ஊர். தேருக்கும் விசேஷத்துக்கும் வெளியூர்க் குடும்பங்கள் வந்துபோகும். வாடகைக்கு அம்பாசடரும் பத்மினியும்தான் என்றிருந்த காலத்தில், ஆட்களை ஏற்றிவந்த வண்டி இழுவை இல்லாமல் முரண்டு பிடித்தால் செஞ்சிக்கோ திண்டிவனத்துக்கோதான் ஆள் தேடிப் போக வேண்டும். டைமிங் பார்க்கும் ஸ்ட்ரோப் லைட் என்பது பெருநகர சர்வீஸ் நிலையங்களில் இருந்த பொருள். வந்த ஆட்கள் அன்றிரவே ஊர் திரும்பியாக வேண்டும். அந்த நிலையில் காதை நம்பிய மெக்கானிக்குகள் ஆயிரக்கணக்கான வண்டிகளை ஓட வைத்தார்கள். அது திறமைதான், அதில் சந்தேகமே இல்லை.

அந்தத் திறமை எதை அளக்கிறது, எதை அளக்காமல் விடுகிறது என்பதுதான் பார்க்க வேண்டியது.

டைமிங்கின் கணக்கு சுருக்கமானது. பெட்ரோலும் காற்றும் கலந்த கலவை, பொறி விழுந்த அதே நொடியில் வெடித்துவிடுவதில்லை. தீ பரவ மில்லி செகண்டுகள் பிடிக்கும். ஆகவே பிஸ்டன் உச்சிக்கு வருவதற்குச் சற்று முன்பே பொறி விழ வேண்டும். அழுத்தம் உச்சியைத் தாண்டிய சில டிகிரியில் முழுவீச்சில் இருந்தால்தான் பிஸ்டனை அது கீழே தள்ளும். எஞ்சின் நிமிடத்துக்கு 800 சுற்று ஓடும்போது, ஒரு மில்லி செகண்டில் கிராங்க் ஷாஃப்ட் 5 டிகிரிகூடத் திரும்புவதில்லை. 3000 சுற்றில் அதே மில்லி செகண்டில் 18 டிகிரி திரும்பிவிடும். ஒரே நிலையில் வைத்த பொறி இரண்டுக்கும் பொருந்தாது. அதனால்தான் டிஸ்ட்ரிபியூட்டரின் வயிற்றுக்குள் இரண்டு எடைக்கட்டைகளும் இரண்டு ஸ்பிரிங்குகளும் இருக்கின்றன. வேகம் கூடக் கூட எடைகள் விரிந்து பொறியை முன்தள்ளும். பக்கவாட்டில் தொங்கும் வாக்குவம் டப்பா, பாதி ஆக்ஸிலேட்டரில் சீராக ஓடும்போது இன்னும் கொஞ்சம் முன்தள்ளும். ஆக, டிஸ்ட்ரிபியூட்டர் தருவது ஒற்றை எண் அல்ல, வேகத்துக்கும் சுமைக்கும் ஏற்ப வளையும் ஒரு கோடு.

மெக்கானிக்கின் விரல் அந்தக் கோடு முழுவதையும் மேலேயோ கீழேயோ நகர்த்துகிறது. காது கேட்பதோ கோட்டின் ஒரே ஒரு முனையை, அதுவும் எஞ்சின் சுமையில்லாமல் சும்மா நின்று ஓடும் முனையை.

இங்கேதான் முதல் கோளாறு. ஐடிலில் த்ராட்டில் மூடியிருப்பதால் சிலிண்டருக்குள் போகும் கலவை சொற்பம். முந்தின சுற்றின் எரிந்த புகையும் அதில் கலந்து கிடக்கும். அப்படிப்பட்ட கலவை மந்தமாகத்தான் எரியும். அதனால் ஐடிலில் எஞ்சினுக்கு அட்வான்ஸ், அதாவது பொறியின் முன்தள்ளல், நிறையக் கொடுத்தாலும் பிடிக்கும். கொடுக்கக் கொடுக்க வேகம் ஏறும். அந்த ஏற்றத்தைக் கேட்டு வைத்த டைமிங், ஆட்களும் மூட்டைகளும் ஏறி, டாப் கியரில் ஆக்ஸிலேட்டரை முழுக்க மிதித்து மேடேறும்போது எஞ்சினுக்கு வேண்டிய டைமிங் அல்ல. எஞ்சின் வேலை செய்யாத நேரத்தில் அளந்து, வேலை செய்யும் நேரத்துக்கு வைப்பதுதான் இந்த முறையின் அடிப்படைப் பிழை. ‘ஒரு மயிரிழை பின்னுக்கு’ என்ற திருத்தம் எவ்வளவு டிகிரி என்று யாருக்கும் தெரியாது. கைக்குக் கை அது மாறும்.

ஆனால் காதால் வைப்பது என்று சொல்லப்படுவதில் இரண்டு முறைகள் கலந்து கிடக்கின்றன. அவற்றை ஒன்றாகப் போட்டு மிதிப்பது அநியாயம். நல்ல மெக்கானிக் ஐடிலோடு நிறுத்துவதில்லை. வண்டியைச் சாலைக்கு எடுத்துப் போவார். எஞ்சின் நன்றாகச் சூடேறிய பிறகு, டாப் கியரில் மெதுவான வேகத்திலிருந்து ஆக்ஸிலேட்டரை ஒரே மிதியாக மிதிப்பார். லேசாகக் ‘கிண்கிண்’ என்று நாக்கிங் கேட்டு, வேகம் பிடித்ததும் மறைந்தால் சரி. கேட்டுக்கொண்டே இருந்தால் அட்வான்ஸ் அதிகம். சத்தமே இல்லாமல் இழுவையும் மந்தமாக இருந்தால் ரிடார்ட், அதாவது பொறி தாமதம். இது எஞ்சினைச் சுமையில் வைத்துச் செய்யும் உண்மையான சோதனை. வண்டி செய்தவர்களே இதை ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். லூக்காஸ் டிஸ்ட்ரிபியூட்டர்கள் பலவற்றில் வாக்குவம் டப்பாவை ஒட்டி, விளிம்பில் வரிவரியாகக் கொத்திய ஒரு சிறு திருகு இருக்கும். பக்கத்திலேயே ‘ஏ’, ‘ஆர்’ என்று அட்வான்ஸுக்கும் ரிடார்டுக்கும் எழுத்து பொறித்திருக்கும். திருப்பினால் ஒவ்வொரு ‘கிளிக்’குக்கும் டிகிரியின் சிறு பங்கு நகரும். பெட்ரோலின் தரத்துக்கும் எஞ்சினின் வயதுக்கும் ஏற்ப ஓட்டிப் பார்த்து நுணுக்கமாகச் சரிசெய்யத்தான் அந்தத் திருகு. 1961-இல் தொடங்கி சென்னை பாடியில் இயங்கிவரும் லூக்காஸ்–டிவிஎஸ், இந்த வகை மின்பாகங்களை நம் வண்டிகளுக்குச் செய்துகொடுத்த நிறுவனம். அந்தத் திருகைத் தொடாமல், நேராகக் கிளாம்ப் போல்ட்டில் கைவைத்த மெக்கானிக்குகள்தான் அதிகம்.

சாலைச் சோதனையின் பலம், புத்தகம் சொல்லாததையும் அது பார்க்கும் என்பதே. புத்தகத்தின் டிகிரி புது எஞ்சினுக்கு எழுதியது. லட்சம் கிலோமீட்டர் ஓடிய எஞ்சினில் ரிங் தேய்ந்து கம்ப்ரஷன் குறைந்திருக்கும், அல்லது பிஸ்டன் தலையில் கரி படிந்து கூடியிருக்கும். சித்திரை வெயிலில் உள்ளே போகும் காற்றே கொதிக்கும். பெட்ரோலில் மண்ணெண்ணெய் கலந்திருந்தால் நாக்கிங் உடனே காட்டிக்கொடுத்துவிடும். இத்தனையையும் ஒரே மிதியில் காது கணக்கெடுத்துவிடுகிறது. எந்த ஸ்ட்ரோப் லைட்டாலும் இது முடியாது.

இனி, காதுக்குத் தெரியாத இடங்களுக்கு வரலாம். முதலில் பாயிண்ட், டிஸ்ட்ரிபியூட்டருக்குள் திறந்து பொறியை விழவைக்கும் தொடுமுனை. அம்பாசடரின் நாலு சிலிண்டர் எஞ்சினில் பாயிண்ட் இடைவெளி 15 தௌ, அதாவது அங்குலத்தில் ஆயிரத்தில் பதினைந்து பங்கு, மில்லிமீட்டரில் 0.38. பாயிண்டின் ஃபைபர் குதிகால் கேம் மீது உரசி உரசித் தேயும்போது இந்த இடைவெளி சுருங்கும். சுருங்கினால் பாயிண்ட் தாமதமாகத் திறக்கும், டைமிங் தானாகவே ரிடார்ட் ஆகும். இடைவெளியைச் சரிசெய்தால் டைமிங் திரும்ப முன்னுக்கு வரும். ஆகவே பாயிண்டை முதலில் வைத்து, டைமிங்கைப் பிறகு வைப்பது மாற்ற முடியாத வரிசை. காதால் வைப்பவர் இந்த வரிசையைத் தாண்டிவிட முடிகிறது. பாயிண்ட் சுருங்கியதால் வந்த மந்தத்தை, டிஸ்ட்ரிபியூட்டரைத் திருப்பியே மறைத்துவிடலாம். வண்டி ஓடும். சில மாதம் கழித்து வேறொருவர் புதுப் பாயிண்ட் போட்டு 15 தௌ வைத்தால், பழைய திருப்பலும் புது இடைவெளியும் சேர்ந்து எஞ்சின் அதீத அட்வான்ஸில் நாக்கிங் அடிக்கும். புது பாயிண்ட் மட்டம் என்று பழியும் விழும்.

ஃபீலர் கேஜ் இருந்தாலும் தப்ப வழியில்லாத ஒரு சிக்கல் உண்டு. கண்டன்சர் கெட்டால் பாயிண்டின் ஒரு முகத்தில் குழி விழும், எதிர் முகத்தில் சிறு மேடு எழும். தட்டையான கேஜ் அந்த மேட்டின் மீது உட்கார்ந்து பொய் சொல்லும். எமரி பேப்பரால் இரண்டு தேய் தேய்த்துவிட்டு வேலை முடிந்தது என்பவர்கள், தேய்த்த தூளையும் உள்ளேயே விட்டுவைக்கிறார்கள். பாயிண்டையும் கண்டன்சரையும் சேர்த்து மாற்றுவதே நேர்வழி.

அடுத்தது, உள்ளே இருக்கும் அந்த எடைகள். ரோட்டரைக் கையால் பிடுங்கினால் ஷாஃப்டின் தலையில் ஒரு ஸ்க்ரூ தெரியும். அங்கே இரண்டு சொட்டு எண்ணெய் விட வேண்டும். ஸ்க்ரூவைச் சுற்றி அது கீழே இறங்கி கேம் சுழலும் அச்சை நனைக்கும். இதைச் செய்கிற கைகள் மிகக் குறைவு. வறண்டு துருவேறினால் எடைகள் விரியாது. விரிந்தால் திரும்பி வராது. சோதிப்பது எளிது. ரோட்டரை அது சுற்றும் திசையில் சற்றுத் திருகி விட்டால், ஸ்பிரிங் இழுத்துத் தானாகத் திரும்ப வேண்டும். வாக்குவம் டப்பாவின் குழாயை வாயில் வைத்து உறிஞ்சினால் உள்ளே தட்டு நகர வேண்டும். நாக்கால் குழாயை அடைத்தால் நகர்ந்த இடத்திலேயே நிற்க வேண்டும். நிற்காவிட்டால் டயஃப்ரம் கிழிந்திருக்கிறது. அது கிழிந்த வண்டி ஐடிலில் சொக்கமாக ஓடும், முழு மிதியில் இழுவையும் குறையாது. திண்டிவனம் சாலையில் சீராகப் போகும்போது பெட்ரோலை மட்டும் குடிக்கும். மைலேஜ் போகிறதே என்று ஓனர் புலம்ப, மெக்கானிக் டைமிங்கை இன்னும் முன்னுக்குத் திருப்புவார். கோட்டின் ஒரு பகுதி உடைந்ததற்குக் கோடு முழுவதையும் தூக்கிவைப்பது இது. மேடேறும்போது நாக்கிங் வருவது அதன் கூலி.

எதிர்ப்பக்கம் தவறினாலும் செலவுதான். ரிடார்ட் அதிகமானால் தீ தாமதமாகப் பற்றி, வெப்பம் எக்ஸாஸ்ட் வால்வுகளையும் ரேடியேட்டரையும் தாக்கும். வெயில் காலத்தில் ரேடியேட்டர் கொதிக்கிறது என்று கோர் மாற்றி, வாட்டர் பம்ப் மாற்றி, தெர்மோஸ்டாட்டைப் பிடுங்கி எறிந்த வண்டிகளில், டைமிங்கை ஒருமுறைகூடப் பார்க்காதவை எத்தனையோ.

இவை எல்லாவற்றையும்விடப் பெரிய மாற்றம் பெட்ரோல் பங்கில் நடந்தது. தொண்ணூறுகளில் நம் ஊர்களில் கிடைத்த சாதாரண பெட்ரோல் 87 ஆக்டேன். அதில் நாக்கிங் சீக்கிரம் வரும்; அந்தச் சத்தம்தான் மெக்கானிக்குக்கு எல்லைக்கல். இதற்கு மேல் திருப்பாதே என்று பெட்ரோலே சொல்லிக்கொடுத்தது. 2000 பிப்ரவரியில் ஈய பெட்ரோல் நாடெங்கும் நின்றது. பிறகு சாதாரண பெட்ரோலின் ஆக்டேன் 91 ஆனது. இப்போது 20 சதவீத எத்தனால் கலப்பில் அது 95-ஐ ஒட்டி நிற்கிறது. அம்பாசடர், பத்மினி எஞ்சின்களோ 8:1-ஐ ஒட்டியோ அதற்குக் கீழேயோ கம்ப்ரஷன் உள்ளவை. இந்த பெட்ரோலில் அவை எளிதில் நாக்கிங் அடிக்காது. அதாவது, சரியான அளவைத் தாண்டி எத்தனையோ டிகிரி திருப்பிய பிறகும் காதுக்கு ஒன்றும் கேட்காது.

கேட்கவில்லை என்பதால் கேடு இல்லை என்று ஆகாது. பிஸ்டன் இன்னும் மேலேறிக்கொண்டிருக்கும்போதே அழுத்தம் எழுந்து அதை எதிர்த்துத் தள்ளும். இழுவை குறையும், தலைப்பகுதி சூடேறும். சூடான எஞ்சினை ஸ்டார்ட் செய்யும்போது செல்ஃப் திணறும். ஹேண்டில் போட்டுச் சுற்றுகிறவரின் மணிக்கட்டைத் திருப்பி அடிக்கும். நெடுஞ்சாலை வேகத்தில் எடைகளின் அட்வான்ஸும் மேலே சேர்ந்தால், அங்கே வரும் நாக்கிங்கைக் காற்றும் எக்ஸாஸ்டும் மூடிவிடும். பிஸ்டனில் ஓட்டை விழுவது அந்தக் கேட்காத நாக்கிங்கால்தான். காதால் வைக்கும் முறை அந்தக் காலத்தில் பிழைத்ததற்கு மெக்கானிக்கின் திறமை பாதிக் காரணம் என்றால், மட்டமான பெட்ரோல் மீதிக் காரணம்.

இதற்கு மாற்று விலை உயர்ந்த கருவி ஒன்றும் அல்ல. 12 வோல்ட் பல்பு ஒன்று, இரண்டு துண்டு வயர் போதும். கிராங்க் புல்லியின் மீது படிந்த கிரீஸையும் தூசியையும் டீசலில் துடைத்து, குறியில் வெள்ளை பெயிண்ட் தொட்டுவைக்க வேண்டும். முதல் சிலிண்டர் கம்ப்ரஷனுக்கு வரும்போது, அந்த மாடலின் புத்தகம் சொல்லும் டிகிரியில் குறியை நிறுத்த வேண்டும். காயிலிலிருந்து டிஸ்ட்ரிபியூட்டருக்குப் போகும் மெல்லிய வயரின் முனைக்கும் பாடிக்கும் இடையே பல்பை மாட்டி, இக்னிஷனை ஆன் செய்ய வேண்டும். பாயிண்ட் மூடி பல்பு அணையும்வரை டிஸ்ட்ரிபியூட்டரை ரோட்டர் சுற்றும் திசையில் திருப்பி, பிறகு எதிர்த்திசையில் மெல்ல நகர்த்தினால், பாயிண்ட் திறக்கும் நொடியில் பல்பு எரியும். அங்கே இறுக்கினால் போதும். இதன் பிறகு சாலைக்கு எடுத்துப் போய் காதைத் தீட்டுவதில் தவறே இல்லை. அப்போது காது திருத்துவது ஓரிரு டிகிரியை. எங்கே தொடங்கினோம் என்பதும் தெரியும்.

பாயிண்டுக்குப் பதில் எலெக்ட்ரானிக் கிட் போட்டவர்களுக்கு இடைவெளித் தொல்லை ஒழிந்தது. தேய்ந்த எடையும் கிழிந்த டயஃப்ரமும் அப்படியே இருக்கும். மாருதி 800-இல் 2000-ஐ ஒட்டி எம்பிஎஃப்ஐ வந்ததும் புது வண்டிகளில் இந்த வேலையே போயிற்று. ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ் உத்தர்பாராவில் அம்பாசடர் உற்பத்தியை 2014 மே மாதம் நிறுத்தியது. ஓடிக்கொண்டிருந்த அம்பாசடர்களில் பலவும் டீசல். அவற்றில் டிஸ்ட்ரிபியூட்டரே கிடையாது. மிச்சமிருக்கும் பெட்ரோல் வண்டிகளை வைத்திருப்பவர்கள் பெரும்பாலும் ஆசைக்காக வைத்திருப்பவர்கள். அவர்களிடம் இப்போது ஒரு புதுக் குறை கேட்கிறது: எத்தனால் பெட்ரோல் வந்த பிறகு ஐடில் நிற்கவில்லை, வண்டி திணறுகிறது. எத்தனாலில் ஆக்சிஜன் இருப்பதால், பழைய ஜெட்டோடு கார்புரேட்டர் தரும் கலவை மெலிந்துவிடுகிறது. மெலிந்த கலவையில் ஐடில் தடுமாறும். டைமிங்கை முன்னுக்குத் திருப்பினால் ஐடில் கொஞ்சம் நிமிரும். நிமிர்ந்ததைக் கேட்டு, குறை தீர்ந்தது என்று கிளாம்ப் போல்ட்டை இறுக்கிவிட்டால், கார்புரேட்டரின் கோளாறு அப்படியே இருக்க, பிஸ்டன் தலையில் புதிதாக ஒன்று சேர்கிறது. இந்த வண்டிகளில் முதலில் மிக்சரையும் ஜெட்டையும், வயதான ரப்பர் பெட்ரோல் ஹோஸ்களையும் பார்த்துவிட்டு, அதன் பிறகு பல்பை மாட்டுவதே முறை.