ஆர். வி. ரமணியின் இரு படங்கள்

புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1985இல் வெளிவந்த ஆர். வி. ரமணி, ஆவணப்படத்தின் வழக்கமான வரம்புக்குள் நில்லாதவர். இவருடைய 'நீ எங்கே' (2003) தென்மாநிலங்களின் தோல்பாவைக் கூத்துக் கலைஞர்களைத் தேடிச் செல்கிறது. தமிழ்நாட்டில் இக்கலைஞர்கள் பலர் வீட்டில் மராத்தி பேசுவோர்; திரைக்குப் பின்னால் தமிழில் இராமாயணம் நடத்துவோர். தமிழும் தெலுங்கும் கன்னடமும் கலந்து புழங்கும் ஓசூர்ப் பகுதி மாணவருக்கு இதில் வியப்பு இராது.

விளக்கின் முன் தோற்பாவையை ஆட்டிக் கதை சொன்னவர்களின் கூட்டத்தைச் சினிமா கலைத்தது. அதே சினிமாவின் கருவியைத் தூக்கிக்கொண்டுதான் ரமணி அவர்களிடம் போகிறார். படத்தின் வலிமை இந்தச் சங்கடத்தில்தான் இருக்கிறது. நீளமான படம், பொறுமை வேண்டும்.

'மை கேமரா அண்ட் சுனாமி' (2011) இன்னும் துணிச்சலானது. 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலையில் அவருடைய கேமராவே அழிந்தது, கடைசியாகப் பதிவான காட்சியோடு. காண முடியாத அந்தக் காட்சியைச் சுற்றி ஒரு முழுப்படம்! கூத்துக் கலைஞரின் இழப்பு இப்போது படம் எடுப்பவருக்கே நேர்ந்துவிடுகிறது. தொலைக்காட்சிகள் அலையைத் திரும்பத் திரும்பக் காட்டிய நாட்களை நினைவில் வைத்திருப்போருக்கு இந்த இல்லாமை நன்றாகவே உறைக்கும். மாணவர்கள் 'நீ எங்கே'யை முதலில் பார்த்துவிட்டு இதற்கு வருவது நல்லது.