கேட்பதும் நடிப்பே

கதைத்தலைவனைப் போற்றுவதோடு நம் திரைப்படத் திறனாய்வு பெரும்பாலும் நின்றுவிடுகிறது. குணச்சித்திர நடிகரின் பணியோ 'துணை' என்னும் சொல்லுக்குள் மறைந்துபோகிறது. அவ்வாறு மறைக்கவொண்ணாத பெருங்கலைஞர் டி. எஸ். பாலையா (1914–1972).

நாடக மேடையில் பயின்ற பாலையா, 'சதி லீலாவதி' (1936) படத்தில் வில்லனாகத் திரைக்கு வந்தார். 'மதுரை வீரன்' (1956) போன்ற படங்களைக் கண்டோர் வஞ்சகமே அவருக்குரிய வேடம் என எண்ணியிருக்கலாம். ஆயினும், அறிஞர் அண்ணாவின் 'வேலைக்காரி'யில் (1949), பழிவாங்கத் துடித்த நண்பனை அறிவின்வழித் திருப்பிய மணியும் அவரே.

அவரது ஆற்றல் பேச்சைக் காட்டிலும் கேட்பதிலேயே மிகுதியாக விளங்கிற்று. 'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் திகில் கதை சொல்கிறார். அதைக் கேட்கும் பாலையாவின் விழிகளிலும் நடுக்கத்திலுமே நகைச்சுவை முழுமை பெறுகிறது. 'திருவிளையாடல்' (1965) படத்தின் ஏமநாத பாகவதரோ பாண்டியன் அவையில் இறுமாந்து பாடியவர். பின்னர் விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டுச் செருக்கழிகிறார். அத்தோல்வியை இழிவாக்காது, மெய்யான இசைக்கு இசைவாணன் செலுத்தும் வணக்கமாகவே பாலையா ஆக்கிக்காட்டுகிறார்.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் அவர் தவில் கலைஞர். நாகசுரத்தை விஞ்சாமலும் அதற்குப் பின்தங்காமலும் ஒலிப்பது தவில். பாலையாவின் கலையும் அத்தகையதே.

ஜொகூர்த் தமிழ்ப்பள்ளி நாடகமொன்றில் வசனம் குறைந்த வேடத்தை ஏற்கத் தயங்கும் மாணவனுக்கு, ஆசிரியர் பாலையாவைக் காட்டலாம். அரங்கில் பிறர் பேசுங்கால் கேட்டு நிற்பவனும் நடிகனே என்பதை அவன் உணர்வான்.