ஃபாத்தன் ஹமாமாவின் பெண்கள்

அரபு நாடுகளுக்கு வெளியே ஃபாத்தன் ஹமாமாவை ‘ஓமர் ஷரீஃபின் மனைவி’ என்றே பலர் அறிந்திருக்கிறார்கள். இது பெரிய அநியாயம். 1954இல் யூசுஃப் ஷாஹீன் இயக்கிய படத்தில் இருவரும் சேர்ந்து நடித்தபோது ஷரீஃப் புதுமுகம். ஹமாமா எகிப்தே கொண்டாடிய நட்சத்திரம். அடுத்த ஆண்டு மணந்துகொண்ட அவர்கள் 1974இல் பிரிந்தார்கள்.

1931இல் பிறந்த ஹமாமா, 1940இல் முகம்மது கரீமின் ‘யவ்ம் சயீத்’ படத்தில் சிறுமியாகத் திரைக்கு வந்தார். வளர்ந்த பிறகு கிடைத்த வேடங்களில் பல ஒரே வார்ப்பு: வஞ்சிக்கப்பட்டுக் கண்ணீர் வடிக்கும் நல்ல பெண். அந்த வார்ப்பிலிருந்து அவரை விடுவித்தவை எகிப்திய நாவல்கள்தான் என்பேன். ஹென்றி பரகாத்தின் இயக்கத்தில் தாஹா ஹுசைனின் ‘துஆ அல்-கரவான்’ 1959இலும், லத்தீஃபா அல்-ஸய்யாத்தின் ‘அல்-பாப் அல்-மஃப்தூஹ்’ 1963இலும் படமாயின. முன்னதில், தமக்கையின் சாவுக்குக் காரணமானவனைப் பழிவாங்க அவன் வீட்டிலேயே வேலைக்காரியாகச் சேர்கிறாள் ஆமினா. வெறுப்பு காதலாகத் திரிவதை ஹமாமா வசனத்தைவிடக் கண்களாலேயே சொல்லிவிடுகிறார்.

இவற்றுக்கெல்லாம் மேலே நான் வைப்பது ‘அல்-ஹராம்’. யூசுஃப் இத்ரீஸின் நாவலிலிருந்து பரகாத் 1965இல் எடுத்த இப்படம் அவ்வாண்டே கான் திரைப்பட விழாப் போட்டியில் இடம்பெற்றது. அஸீஸா ஊர்ஊராகக் கூலிக்குப் போகும் விவசாயத் தொழிலாளி. நோயாளிக் கணவன் ஆசைப்பட்டானே என்று சர்க்கரைவள்ளிக்கிழங்கு தோண்டப் போன இடத்தில் வன்புணர்வுக்கு ஆளாகிறாள். வயிற்றை இறுகக் கட்டிக்கொண்டு வேலை செய்கிறாள், தனியே பெற்றெடுக்கிறாள், அழுகுரல் வெளியே கேட்டுவிடுமோ என்ற பதற்றத்தில் குழந்தையின் மூச்சு அடங்கிவிடுகிறது. மறுபடியும் வயலுக்குப் போகிறாள், கூலி போய்விடக் கூடாதே! ஜுரத்தில் நடுங்கும் உடம்போடு வரிசையில் குனிந்து நிற்கும் ஹமாமாவிடம் நட்சத்திரத்தின் சாயல் துளியும் இல்லை. பாவம் யாருடையது என்று கிராமம் துருவிக்கொண்டிருக்க, வறுமையைப் பார்க்கும்படி நம்மைத் திருப்புகிறது அந்த முகம்.

உளவுத் துறையின் நெருக்கடியால் 1966இல் நாட்டை விட்டுச் சென்றவர், அதிபர் நாஸர் மறைந்த பிறகே திரும்பினார். அடுத்து வந்த முக்கியமான படம் சயீத் மர்ஸூக்கின் ‘உரீது ஹல்லன்’ (1975). மணவிலக்குக் கேட்டு நீதிமன்றத்துக்கு ஆண்டுக்கணக்கில் அலைகிறாள் துர்ரிய்யா, ஒரு தூதரக அதிகாரியின் மனைவி. இங்கே ஹமாமா அழுவது குறைவு, வாதிடுவது அதிகம். அஸீஸாவுக்குப் பேச வாய் இல்லை. படித்த துர்ரிய்யாவுக்கு இருந்தும், வழக்கில் தோற்றுப்போகிறாள். எகிப்தின் குடும்பச் சட்டம் பற்றிய விவாதத்தை இந்தப் படம் வீடுகளுக்குள் கொண்டுபோனது. 1979இல் அச்சட்டம் திருத்தப்பட்டது. மணக்கொடையான மஹரைத் திருப்பிக் கொடுத்து, கணவனின் சம்மதமின்றியே மனைவி மணவிலக்குப் பெறும் உரிமை 2000இல் வந்தது. அப்போது ஹமாமா இருந்தார். 2015 ஜனவரியில்தான் காலமானார்.